ஆறு மீற்றர் உயரமான ஒரு மினாரா: வாங்கன் கிராமம் சொல்லும் கதை

சுவிற்சர்லாந்தின் ரயில் பாதைகளுக்கான தூரங்கள் ஒரு காலத்தில் ஓல்டன் நகரிலிருந்தே அளக்கப்பட்டன. 'கிலோமீற்றர் பூச்சியம்' என்று குறிக்கப்பட்ட கல் அங்குள்ள நிலையத்தில் இன்றும் இருக்கின்றது. அந்நகரின் மேற்கு எல்லையோடு ஒட்டியவாறு, யூரா மலைத்தொடரின் அடிவாரத்தில், டுன்னர்ன் என்ற சிற்றாறு ஓடும் சமவெளியில் அமைந்திருப்பதுதான் வாங்கன் கிராமம். சொலத்தூர்ன் கன்ரனைச் சேர்ந்த இவ்வூரின் சனத்தொகை ஏறத்தாழ ஐயாயிரம். பனிமலைகளும் ஏரிகளும் நிறைந்த நாட்காட்டிப் படங்களில் காணப்படும் சுவிற்சர்லாந்து இதுவல்ல. ரயில் பாதை, நெடுஞ்சாலை, களஞ்சியங்கள், தொழிற்சாலைகள், அவற்றில் வேலை செய்வோரின் குடியிருப்புகள் என்பனவே இச்சமவெளியின் அடையாளம். சுற்றுலாப் பயணி எவரும் தேடிச் செல்லாத இந்த ஊரின் பெயர் சுவிற்சர்லாந்தின் அரசியலமைப்பில் நிகழ்ந்த ஒரு மாற்றத்தோடு நிரந்தரமாகப் பிணைந்துவிட்டது.

2005ஆம் ஆண்டில் அப்பகுதியில் வாழும் துருக்கியரின் கலாசாரச் சங்கம் ஒன்று தனது நிலையக் கட்டடத்தின் கூரை மீது ஆறு மீற்றர் உயரமான மினாரா ஒன்றை அமைப்பதற்கு அனுமதி கோரி விண்ணப்பித்தது. ஆறு மீற்றர் என்பது இரண்டு மாடி வீடொன்றின் உயரம். அந்த மினாராவிலிருந்து பாங்கு ஒலிக்கும் எண்ணமும் இருக்கவில்லை. சுவிற்சர்லாந்தில் அக்காலத்தில் இருந்த ஏனைய மினாராக்களிலும் பாங்கு ஒலிப்பதில்லை. எனவே சத்தம் பற்றிய முறைப்பாட்டுக்கு இடமில்லை. பிரச்சினை முழுக்க முழுக்கக் கண்ணுக்குத் தெரிவது பற்றியதாகவே இருந்தது. கட்டடத்தின் உள்ளே தொழுகை நடப்பதை ஊர் பல காலமாகச் சகித்து வந்தது. அது வெளியே தெரியும்படி நிற்பதைத்தான் ஊரில் பலரால் ஏற்றுக்கொள்ள முடியவில்லை.

அயலவர்கள் குழுவாகச் சேர்ந்து ஆட்சேபம் தெரிவித்தனர். ஊரின் கட்டட, திட்டமிடல் ஆணைக்குழு விண்ணப்பத்தை நிராகரித்தது. சங்கம் கன்ரனின் கட்டட, நீதித் திணைக்களத்துக்கு மேன்முறையீடு செய்தது. 2006இல் அந்தத் திணைக்களம் ஊரின் முடிவை மாற்றியது. ஊர் அடங்கவில்லை. ஊராட்சியும் அயலவர்களும் ஒன்றாகக் கன்ரனின் நிர்வாக நீதிமன்றத்தை நாடித் தோற்றனர். அதன் பின்னர் விடயம் லொசான் நகரிலுள்ள சமஷ்டி உயர் நீதிமன்றத்தை எட்டியது. 2007 ஜூலையில் அந்நீதிமன்றமும் சங்கத்துக்குச் சாதகமாகவே தீர்ப்பளித்தது. வழக்கு முழுவதும் நிர்மாண விதிகளின் மொழியிலேயே நடந்தது. வலயம், உயரம், அனுமதி நடைமுறை என்ற சொற்களுக்குள் மதம் என்ற சொல் மறைந்து நின்றது. சட்டத்தின் அளவுகோலால் அளந்தபோது ஒரு கூரையின் மீது ஆறு மீற்றர் உயரமான கோபுரத்தை மறுப்பதற்கு நியாயமான காரணம் எதுவும் கிடைக்கவில்லை.

எதிர்த்தவர்கள் அனைவரையும் மதத் துவேஷிகள் என்று ஒரே கோட்டில் நிறுத்திவிடுவது நீதியாகாது என்பதையும் இங்கு சொல்ல வேண்டும். அந்தச் சங்கத்துக்குத் துருக்கியின் தீவிர தேசியவாத அரசியலோடு நெருக்கம் உண்டு என்ற விமர்சனம் அப்போதே எழுப்பப்பட்டது. துருக்கியிலிருந்து அந்த அரசியலுக்கு அஞ்சி வெளியேறிய குர்திய மக்களும் சுவிற்சர்லாந்தில் பெருமளவில் வாழ்கின்றார்கள். ஆயினும், ஒரு சங்கத்தின் அரசியல் பற்றிய கேள்வியை அச்சங்கத்திடமே கேட்டிருக்கலாம். அதற்கான விடையை நாட்டிலுள்ள முஸ்லிம்கள் அனைவரும் சொல்ல வேண்டிய நிலை ஏற்பட்டதுதான் விபரீதம். சுவிற்சர்லாந்தில் அப்போது வாழ்ந்த ஏறத்தாழ நான்கு இலட்சம் முஸ்லிம்களுள் பெரும்பாலோர் பொஸ்னியா, கொசோவோ, மசிடோனியா, துருக்கி ஆகிய நாடுகளிலிருந்து சென்றவர்கள். கட்டட வேலைக்கும் தொழிற்சாலைக்கும் அழைக்கப்பட்டவர்களும் யுத்தத்துக்குத் தப்பி வந்தவர்களுமே அவர்கள்.

வாங்கன் விவகாரத்தின் சுவடு அடங்குமுன்பே, 2007 மே மாதத்தில், சுவிஸ் மக்கள் கட்சியையும் ஒரு சிறிய கிறிஸ்தவக் கட்சியையும் சேர்ந்த அரசியல்வாதிகள் நாடு முழுவதும் மினாராக்களைத் தடை செய்வதற்கான மக்கள் முன்முயற்சியைத் தொடங்கினார்கள். அவர்களின் குழு தனக்கு வைத்துக்கொண்ட பெயர் 'எகர்கிங்கன் குழு' என்பதாகும். எகர்கிங்கன், வாங்கனிலிருந்து அதே சமவெளியில் சில கிலோமீற்றர் மேற்கே உள்ள மற்றொரு கிராமம். நெடுஞ்சாலைச் சந்தி என்பதைத் தவிர அந்த ஊருக்கும் நாட்டில் வேறு பெயர் இருக்கவில்லை. ஆக, அருகருகே அமைந்த இரு கிராமங்களில் ஒன்று வழக்குக்கும் மற்றையது இயக்கத்துக்கும் பெயரைக் கொடுத்தன. சொலத்தூர்ன் கன்ரனின் பாராளுமன்ற உறுப்பினராக அப்போது இருந்த வால்ரர் வொப்மன் இந்தக் குழுவின் முன்னணியில் நின்றவர்களுள் ஒருவர்.

சுவிஸ் அமைப்பை அறியாத வாசகருக்கு ஒரு விளக்கம் தேவைப்படலாம். அங்கு பதினெட்டு மாதங்களுக்குள் ஒரு இலட்சம் கையொப்பங்களைத் திரட்டக்கூடிய எவரும் அரசியலமைப்பைத் திருத்துமாறு கோர முடியும். அரசாங்கமோ பாராளுமன்றமோ விரும்பாவிட்டாலும் அது சர்வஜன வாக்கெடுப்புக்கு விடப்பட வேண்டும். வாக்களித்த மக்களில் பெரும்பான்மையும் கன்ரன்களில் பெரும்பான்மையும் ஆதரித்தால் அது அரசியலமைப்பாகிவிடும். நீதிமன்றம் அதனைத் தடுக்க முடியாது. சித்திரவதைத் தடை போன்ற, சர்வதேச சட்டத்தின் மிக அடிப்படையான கட்டாய விதிகளை மீறினால் பாராளுமன்றம் ஒரு முன்முயற்சியைச் செல்லாதென அறிவிக்கலாம். மத சுதந்திரத்துக்கு முரணாக அமைவது அதற்குப் போதுமான காரணமாகாது. வாங்கனில் சட்டத்தின் முன் தோற்றவர்கள் சட்டத்தையே மாற்றும் வழியைக் கண்டுகொண்டதன் சூட்சுமம் இதுதான்.

ஒரு இலட்சத்துப் பதின்மூவாயிரத்துக்கும் அதிகமான கையொப்பங்கள் 2008 ஜூலையில் கையளிக்கப்பட்டன. வாக்கெடுப்பு 2009 நவம்பர் 29ஆம் திகதி நடைபெற்றது. அரசாங்கமும் பாராளுமன்றமும் எதிராக வாக்களிக்குமாறு மக்களைக் கேட்டுக்கொண்டன. கத்தோலிக்க ஆயர்கள் எதிர்த்தார்கள். யூத சமூகத்தின் சம்மேளனம் எதிர்த்தது. வாக்கெடுப்புக்கு முந்திய கருத்துக் கணிப்பு, எதிர்ப்பவர்கள் 53 வீதம், ஆதரிப்பவர்கள் 37 வீதம் என்று கூறியது. சுவிஸ் கொடியின் மீது ஏவுகணைகளைப் போல நிமிர்ந்து நிற்கும் கரிய மினாராக்களையும் முகம் மூடிய பெண்ணொருத்தியையும் காட்டிய சுவரொட்டியை பாசல், லொசான் போன்ற நகரங்கள் பொது இடங்களில் ஒட்டவிடவில்லை. சூரிச்சும் ஜெனீவாவும் கருத்துச் சுதந்திரத்தைக் கருதி அனுமதித்தன. முடிவு வெளிவந்தபோது 57.5 வீதமானோர் தடையை ஆதரித்திருந்தனர். ஜெனீவா, வோ, நியூசத்தல், பாசல் நகரம் ஆகியவை தவிர்ந்த அனைத்துக் கன்ரன்களும் தடையின் பக்கம் நின்றன. 'மினாராக்களை நிர்மாணிப்பது தடை செய்யப்பட்டுள்ளது' என்ற பொருளுடைய ஒற்றை வாக்கியம் அரசியலமைப்பின் 72ஆம் உறுப்புரையில் சேர்ந்தது.

அந்த வாக்கியம் சேரும்போது முழு நாட்டிலும் இருந்த மினாராக்கள் நான்கு மாத்திரமே. சூரிச்சில் 1963இல் அஹ்மதியா சமூகத்தினர் கட்டியது ஒன்று, ஜெனீவாவில் 1978இல் எழுந்தது ஒன்று, விண்டர்தூரில் ஒன்று, வாக்கெடுப்பு நடந்த அதே 2009ஆம் ஆண்டில் வாங்கனின் கூரையில் ஏறியது ஒன்று. நான்கு மினாராக்களைக் கண்டு ஒரு நாடு அரசியலமைப்பைத் திருத்தியது என்றால், அது மினாராவைக் கண்டு அஞ்சியதாக எவரும் கருதமாட்டார்கள். முஸ்லிம்கள் கணிசமாக வாழ்கின்ற, பள்ளிவாசலை நாளாந்தம் காண்கின்ற ஜெனீவாவில் ஏறத்தாழ 60 வீதமானோர் தடையை எதிர்த்தார்கள். முஸ்லிம்கள் மிகக் குறைவாக உள்ள அப்பன்சல் இன்னர்ரோடன் கன்ரனில் 71 வீதத்துக்கும் அதிகமானோர் ஆதரித்தார்கள். அயலவனை அறியாத இடத்திலேயே அச்சம் அதிகமாயிருந்தது. எனினும் வாங்கன் இந்தச் சூத்திரத்துக்குள் அடங்கவில்லை. அங்கே துருக்கியரும் சுவிஸ்காரரும் ஒரே தொழிற்சாலையில் வேலை செய்தார்கள், ஒரே பாடசாலைக்குப் பிள்ளைகளை அனுப்பினார்கள். அங்கும் எதிர்ப்புத்தான் முதலில் வந்தது.

வாக்குரிமை பற்றிய விடயத்தையும் இங்கு கவனிக்க வேண்டும். சுவிற்சர்லாந்தின் இரண்டாயிரத்து நூறுக்கும் மேற்பட்ட ஊராட்சிகள் வெறும் நிர்வாக அலகுகளல்ல. ஊர்ப் பொதுக்கூட்டத்திலேயே வரவு செலவுத் திட்டமும் வரி வீதமும் நிர்ணயிக்கப்படுகின்றன. பிரஜாவுரிமையே அங்கிருந்துதான் ஆரம்பமாகின்றது. ஊரின் உரிமை, கன்ரனின் உரிமை, நாட்டின் உரிமை என்ற மூன்றும் சேர்ந்தே ஒருவரைச் சுவிஸ் பிரஜையாக்கும். சுவிஸ் கடவுச்சீட்டில் பிறந்த இடம் எழுதப்படுவதில்லை. மூதாதையரின் ஊர் எது என்பதே எழுதப்படுகின்றது. ஒரு சிலவற்றைத் தவிர, பெரும்பாலான கன்ரன்களில் வெளிநாட்டவருக்கு ஊர்மட்ட வாக்குரிமைகூட இல்லை. இதனால் முப்பது வருடங்கள் ஒரு கிராமத்தில் உழைத்து வரி செலுத்தியவர் தமது வழிபாட்டிடம் பற்றி அயலவர்கள் வாக்களிப்பதை வெளியே நின்று பார்க்க வேண்டியவராகின்றார்.

இந்த அதிகாரம் எவ்வாறு பிரயோகிக்கப்படலாம் என்பதற்கு லூசர்ன் நகரின் அருகிலுள்ள எம்மன் ஊர் உதாரணமாயிற்று. 2000 மார்ச் மாதத்தில் அவ்வூரின் வாக்காளர்கள் பிரஜாவுரிமை கோரிய 23 விண்ணப்பங்கள் மீது வாக்குச்சீட்டால் தீர்ப்புக் கூறினார்கள். நான்கு இத்தாலியக் குடும்பங்களின் விண்ணப்பங்கள் ஏற்கப்பட்டன. எஞ்சியவை நிராகரிக்கப்பட்டன. அவற்றுள் பெரும்பாலானவை முன்னாள் யூகோஸ்லாவியாவிலிருந்து வந்தவர்களின் விண்ணப்பங்கள். வாக்குச்சீட்டு காரணம் சொல்லாது. காரணம் சொல்லாத மறுப்புக்கு எதிராக மேன்முறையீடு செய்யவும் முடியாது. 2003 ஜூலையில் சமஷ்டி உயர் நீதிமன்றம் இந்த முறை அரசியலமைப்புக்கு முரணானது என்று தீர்ப்பளித்தது. அதனை மீண்டும் கொண்டுவர எடுத்த முயற்சி 2008 ஜூன் வாக்கெடுப்பில் 63.8 வீதமானோரின் எதிர்ப்பால் தோல்வியுற்றது. தமது சொந்த அதிகாரத்துக்கு எல்லை வகுக்கவும் அம்மக்களுக்குத் தெரியும் என்பதை மறுப்பதற்கில்லை. பதினேழு மாதங்களின் பின்னர் மினாரா வாக்கெடுப்பில் அதே வாக்காளர்கள் வேறு விதமாக நடந்துகொண்டார்கள்.

வரலாற்றை அறிந்தவர்களுக்கு இதில் வியப்பு அதிகம் இருந்திராது. யூதர்கள் நீண்ட காலம் ஆர்கவ் பகுதியின் எண்டிங்கன், லெங்னவ் என்ற இரு கிராமங்களில் மட்டுமே நிரந்தரமாகக் குடியிருக்க அனுமதிக்கப்பட்டிருந்தார்கள். நாட்டில் எங்கும் வசிக்கும் சுதந்திரம் அவர்களுக்கு 1866இல் கிடைத்தது. அதற்கு இருபத்தேழு வருடங்களின் பின்னர், 1893 ஓகஸ்ட் மாதத்தில், மக்கள் முன்முயற்சி என்ற புதிய உரிமை முதன்முதலாகப் பயன்படுத்தப்பட்டு வாக்கெடுப்பு நடந்தது. மயக்கமுறச் செய்யாமல் விலங்குகளை அறுப்பதைத் தடை செய்வதே அதன் நோக்கம். மிருகங்கள் மீதான இரக்கம் என்ற ஆடைக்குள் யூத வெறுப்பு இருந்ததை அக்காலத்திலேயே பலர் சுட்டிக்காட்டினார்கள். 60 வீதமானோர் ஆதரித்தார்கள். அந்தத் தடை பின்னர் அரசியலமைப்பிலிருந்து மிருகப் பாதுகாப்புச் சட்டத்துக்கு மாற்றப்பட்டபோதிலும் இன்றுவரை நீங்கவில்லை. இன்று அது யூதரோடு முஸ்லிம்களையும் பாதிக்கின்றது. கத்தோலிக்கரும் தப்பவில்லை. யேசு சபைத் துறவிகளின் பணியையும் புதிய மடங்களையும் தடுத்த உறுப்புரைகள் 1973 வரை அரசியலமைப்பில் இருந்தன. 2009இல் ஆயர்களும் யூத சம்மேளனமும் ஒரே பக்கத்தில் நின்றதன் பின்னால் இந்த நினைவு இருந்திருக்க வேண்டும்.

வாக்கெடுப்பின் பின்னர் ஸ்ட்ராஸ்பேர்க்கிலுள்ள ஐரோப்பிய மனித உரிமைகள் நீதிமன்றத்தில் தாக்கல் செய்யப்பட்ட மனுக்கள் 2011இல் நிராகரிக்கப்பட்டன. மனுதாரர்கள் தாமே மினாரா கட்ட முயன்று தடுக்கப்பட்டவர்கள் அல்லர் என்பது காரணம். தடை சரியா பிழையா என்ற கேள்வி இதனால் அந்த நீதிமன்றத்தில் ஆராயப்படாமலே போயிற்று. லொசானுக்கு அருகிலுள்ள புசினி என்ற ஊரில் பாதணி வியாபாரி ஒருவர் தமது களஞ்சியத்தின் புகைபோக்கியை மினாராவின் வடிவத்துக்கு மாற்றித் தமது எதிர்ப்பைக் காட்டினார். அவர் முஸ்லிம் அல்லர். லாங்கன்தால் நகரில் திட்டமிடப்பட்டிருந்த மினாரா கைவிடப்பட்டது. வில் நகரில் 2017இல் திறக்கப்பட்ட பெரிய பள்ளிவாசல் மினாரா இன்றியே எழுந்தது. பள்ளிவாசல் கட்டுவதை அரசியலமைப்பு தடுக்கவில்லை என்பதையும், நடைமுறையில் சுவிஸ் முஸ்லிம்களின் தொழுகைக்கு இடையூறு இல்லை என்பதையும் தடையை ஆதரித்தவர்கள் அடிக்கடி சொல்வதுண்டு. அது உண்மையே. ஆனால் எகர்கிங்கன் குழு அத்துடன் ஓய்ந்துவிடவில்லை. அக்குழு கொண்டுவந்த முகத்திரைத் தடை 2021 மார்ச்சில் 51.2 வீதத்தால் நிறைவேறியது. 2025 ஜனவரி முதலாம் திகதி தொடக்கம் அது நடைமுறையில் உள்ளது. மீறுவோருக்கு ஆயிரம் பிராங் வரை அபராதம் விதிக்கலாம். சுவிற்சர்லாந்தில் முகத்திரை அணிவோர் சில பத்துப் பேருக்கு மேல் இல்லை என்று லூசர்ன் பல்கலைக்கழக ஆய்வாளர்கள் மதிப்பிட்டிருந்தார்கள். நான்கு மினாராக்களுக்கு ஓர் உறுப்புரை, சில பத்துப் பெண்களுக்கு இன்னோர் உறுப்புரை!

இந்த விவகாரத்தில் தமிழருக்கு ஒரு சம்பந்தம் உண்டு. வாங்கனிலிருந்து சில கிலோமீற்றர் தொலைவில், ஓல்டனின் மறுபுறத்தில் ட்ரிம்பாக் என்ற ஊர் இருக்கின்றது. ஈழத்தமிழர்கள் அங்கே மனோன்மணி அம்பாளுக்கு ஆலயம் எழுப்பியிருக்கின்றார்கள். சுவிற்சர்லாந்தில் வாழும் இலங்கைத் தமிழர் தொகை ஏறத்தாழ ஐம்பதாயிரம் எனப்படுகின்றது. தமிழரின் கோயில்களுக்கு எதிராக நாடளாவிய முன்முயற்சி எதுவும் தொடங்கப்படவில்லை. அரசியலமைப்பின் அந்த ஒற்றை வாக்கியம் ஒரேயொரு மதத்தின் கட்டட அம்சத்தை மட்டுமே பெயர் சொல்லித் தடுக்கின்றது.

இதைக் கண்டு தமிழர்கள் தாம் விரும்பப்படுபவர்கள் என்று மகிழ்வதற்கு முன்னர் 1980களை நினைத்துப் பார்க்க வேண்டும். 1983இன் பின்னர் பேர்ன் நகரில் வந்திறங்கிய தமிழ் இளைஞர்களைச் சுவிஸ் பத்திரிகைகள் 'தோல் ஜக்கற் தமிழர்கள்' என்று எழுதின. போதைப்பொருள் விற்பவர்கள், வேலை செய்யாமல் உதவிப்பணம் பெறுபவர்கள் என்ற முத்திரை அவர்கள் மீது குத்தப்பட்டது. உணவகங்களின் சமையலறைகளிலும் மருத்துவமனைகளிலும் அவர்கள் உழைத்த உழைப்பு அந்த முத்திரையை மெல்ல அழித்தது என்பது உண்மை. ஆனால் அவர்கள் இடத்துக்குப் பால்கன் முஸ்லிம்கள் வந்து சேர்ந்ததும் அதற்கு உதவியது என்பதும் உண்மையே. பேர்னில் 2014 டிசம்பரில் திறக்கப்பட்ட மதங்களின் இல்லத்தில் தமிழில் வழிபாடு நடக்கும் சிவன் கோயிலும் ஒரு பள்ளிவாசலும் ஒரே கூரையின் கீழ் இருக்கின்றன. ஒருவரது சமையல் வாசனை மற்றவரை எட்டும் தூரத்தில் இரு சமூகத்தாரும் அங்கே வழிபடுகின்றார்கள். இந்த நாட்டில் அப்படி ஒரு கட்டடத்தைக் கற்பனை செய்வதற்கே நமக்குச் சற்று நேரம் எடுக்கும்.

இலங்கையின் இனப்பிரச்சினைக்குத் தீர்வு தேடப்பட்ட காலங்களில் சுவிஸ் சமஷ்டி முறை பல தடவைகள் முன்மாதிரியாக எடுத்துக் காட்டப்பட்டது. நமது அரசியல்வாதிகள் பலர் அதனைக் கற்பதற்காகவே அங்கு சென்று வந்தார்கள். நான்கு மொழிகளும் இருபத்தாறு கன்ரன்களும் அமைதியாக வாழ்வதை அவர்கள் கண்டார்கள். அது மாயத்தோற்றமல்ல. பேர்ன் கன்ரனில் சிறுபான்மையினராக இருந்த பிரெஞ்சு மொழிக் கத்தோலிக்கர்கள் ஊர் ஊராக வாக்களித்து 1979இல் யூரா என்ற தனிக் கன்ரனைப் பெற்றார்கள். மூத்தியே என்ற சிறு நகரம் 2021 மார்ச்சில் மீண்டும் வாக்களித்து அவர்களோடு சேர முடிவெடுத்தது. வாக்குச்சீட்டால் எல்லைக் கோடுகள் இவ்வாறு மாற்றப்படுவதை உலகில் வேறெங்கும் காண்பது அரிது.

ஆனால் அந்த அமைப்பு பாதுகாப்பது நிலப்பரப்பில் செறிந்து வாழும் சிறுபான்மையைத்தான். பிரெஞ்சு மொழியாளருக்குக் கன்ரன் உண்டு, இத்தாலிய மொழியாளருக்குத் திச்சினோ உண்டு. எல்லா ஊர்களிலும் சிதறி, எந்த ஊரிலும் பெரும்பான்மையாக இல்லாமல், பலர் வாக்குரிமையும் இன்றி வாழும் ஒரு சமூகத்துக்கு ஊராட்சியோ கன்ரனோ கேடயமாகவில்லை. வாங்கன் சங்கத்துக்குத் துணை நின்றவை கன்ரனின் திணைக்களமும் நீதிமன்றங்களுமே. அதிகாரம் மக்களுக்கு அருகில் இருக்க வேண்டும் என்று கோருகின்ற நாம், அந்த மக்களுள் யார் யார் அடங்குவர் என்ற வினாவையும் சேர்த்தே கேட்க வேண்டியிருக்கின்றது. வடக்கு கிழக்கில் அதிகாரப் பகிர்வு பற்றிய ஒவ்வொரு பேச்சிலும் முஸ்லிம் மக்கள் எழுப்பி வந்த கேள்வி இதுவே. தமிழர் தரப்பு அதற்கு இன்னமும் திருப்தியான விடை அளித்ததாகச் சொல்ல முடியாது.

வாங்கனின் மினாராவை அரசியலமைப்பின் தடை தொடவில்லை. ஏற்கனவே கட்டப்பட்டவை நீடிக்கலாம் என்பதால் அது நாட்டின் நான்காவதும் கடைசியுமான மினாராவாக அந்தக் கூரையின் மீது நிற்கின்றது. அதிலிருந்து பாங்கு ஒலிப்பதில்லை. அப்பாதையால் ஓல்டனுக்குப் போகும் ரயிலில் இருப்பவர்களுள் பலர் அதனைக் கவனிப்பதும் இல்லை.